றஹீமாவின் மணிக்கட்டு

கல்முனைச் சந்தையில் கீரைக்காரியிடம் நின்றுகொண்டிருந்தபோதுதான் அந்த அறிவித்தல் வந்தது. ஒலிபெருக்கி கட்டிய ஓட்டோ ஒன்று பிரதான வீதியால் மெதுவாகப் போய்க்கொண்டிருந்தது. முஸ்லிம் ஊர்களில் மௌத் என்று ஒரு சாவு விழுந்தால் பள்ளிவாசலும் இப்படியொரு ஓட்டோவும்தான் ஊருக்குச் சொல்லும். தமிழ்ப் பக்கத்தில் இருக்கிற நாங்களும் ஒரு கணம் காதைக் கொடுத்துவிட்டுத்தான் வேலையைத் தொடர்வோம். தெரிந்தவராக இருக்கலாம்.

முதலில் ஒரு தகப்பனின் பெயர் சொன்னார்கள். எனக்குத் தெரியாத பெயர். பிறகு கணவனின் பெயர். முழுப் பெயராகச் சொன்னதில் அதுவும் பிடிபடவில்லை. "றிப்காவின் அன்புத் தாயாருமான" என்றபோது கையிலிருந்த கீரைக்கட்டைக் கீழே வைத்தேன். எல்லாவற்றுக்கும் கடைசியில்தான் அவளுடைய சொந்தப் பெயர் வந்தது. சித்தி றஹீமா. சாய்ந்தமருது. நடுப்பகல் ளுஹர் தொழுகைக்குப் பிறகு நல்லடக்கம்.

"தெரிஞ்ச ஆளா மிஸ்?" என்று கீரைக்காரி கேட்டாள்.

"ஓம். என்னோட வேலை செய்தவ."

அதற்குமேல் சொல்ல வாய் வரவில்லை. சொல்லாமல் விட்டதைத்தான் இப்போது எழுதுகிறேன். மருதமுனையிலிருந்து பொத்துவில் வரை இந்தக் கிழக்குக் கரையில் அவளை அறிந்தவர்கள் நிறையப் பேர் இருக்கிறீர்கள். உங்களில் பலருடைய முற்றத்தில் சப்பாணி கட்டி இருந்து, உங்கள் சில்லுக்கதிரையைக் கழற்றிப் பூட்டித் தந்திருக்கிறாள். மறைந்தவரை 'அவர்' என்று எழுதுவதுதான் மரியாதை. அப்படித் தொடங்கிப் பார்த்தேன், வேறு யாரோ ஒருவரைப் பற்றி எழுதுவது போல ஆகிவிட்டது. அவள் என்றே எழுதுகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் இருவரும் ஒரு சிறிய தொண்டு அமைப்பின் பணிமனையில் வேலை செய்தோம். நடக்க முடியாதவர்களுக்குச் சில்லுக்கதிரையும் ஊன்றுகோலும் செயற்கைக் காலும் கொடுக்கிற இடம். சுனாமிக்குப் பிறகும் யுத்தத்துக்குப் பிறகும் இந்தக் கரையில் அப்படியான இடத்துக்கு வேலை குறைந்ததேயில்லை. ஆட்களை அளந்து பார்ப்பதும் உடற்பயிற்சி சொல்லிக்கொடுப்பதும் என் பொறுப்பு. கதிரைகளைப் பூட்டுவதும் திருத்துவதும் அவள் பொறுப்பு. ஒன்றாகப் பயிற்சிக்குப் போய் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள் நாங்கள். அவளுடைய கணவர் நெஞ்சுவலியில் போனபோதும், மகள் றிப்கா கலியாணம் முடித்து கட்டாருக்குப் போனபோதும் அடுத்த மேசையில் நான் இருந்தேன்.

அந்த நாட்களில் றஹீமா பொறுமைசாலி அல்ல. கை வேகம், வாய் அதைவிட வேகம். கதிரையைக் கொண்டு வருகிறவர்களை வாசலிலேயே மறித்துக் கேள்வி கேட்பாள். "இத மழைக்க விட்டது ஆரு? கிறீஸ் கண்ட சில்லா இது?" என்று தொடங்கினால், பெரிய மனிதர்களும் தலையைச் சொறிந்துகொண்டு நிற்பார்கள். ஏசி முடிப்பதற்குள் வேலையும் முடிந்திருக்கும். ஏசியதற்கு ஈடாகக் கடைசியில் பிளேன்டீ ஊற்றிக் கொடுப்பாள். அதனால் யாரும் கோபித்துக்கொண்டு போனதில்லை.

ஒரு மாரி காலத்தில், வேலைக்கு வரும் வழியில், வீதியில் அடித்து வந்திருந்த மணலில் அவளுடைய ஸ்கூட்டி சறுக்கியது. வலது கையை ஊன்றி விழுந்தாள். மணிக்கட்டு உடைந்தது. பிளாஸ்டர் போட்டு, கழற்றி, எலும்பு பொருந்திவிட்டது என்றார்கள். பொருந்தியதுதான். ஆனால் கை திரும்ப மறுத்துவிட்டது. உள்ளங்கை எந்நேரமும் நிலத்தைப் பார்த்தபடியே நின்றது. எதையும் இறுக்கிப் பிடிப்பாள். திருக மட்டும் முடியாது. கதவுச் சாவி, போத்தல் மூடி, ஈரத்துணி, தண்ணீர்க் குழாய் எல்லாம் திருகுகிற வேலைகள் என்பதை அவளைப் பார்த்துத்தான் நானே அறிந்தேன்.

பயிற்சி கொடுத்தவள் நான். தினமும் காலையில் அவளுடைய கையை என் மடியில் வைத்து மெல்ல மெல்லத் திருப்பிப் பார்ப்பேன். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு சுவரைப் பார்ப்பாள். மாதங்கள் போன பிறகு ஒரு நாள் கையைத் தானாகவே எடுத்துக்கொண்டாள்.

"போதும் கா சுகந்தி. இது இவ்வளவுதான். நீ பாவம்."

பகலுணவை நாங்கள் எப்போதும் சேர்ந்துதான் சாப்பிடுவோம். கை உடைந்த பிறகு அவள் சாப்பாட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு சாமான் அறைக்குள் போய்விடத் தொடங்கினாள். தொழுதுவிட்டுச் சாப்பிடுகிறாள் என்று நினைத்தேன். ஒரு நாள் ஊன்றுகோல் ஒன்று எடுக்க உள்ளே போனேன். பழைய கதிரைகளுக்கு நடுவே நிலத்தில் இருந்து, முகத்தைச் சோற்றுக்குக் கிட்டே கொண்டுபோய்ச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். சோற்றை வாய்க்குக் கொண்டுபோவதற்கும் கை திரும்ப வேண்டும் அல்லவா? இடக்கையால் உண்ண அவளுக்கு மனம் ஒப்பவில்லை. கரண்டியும் அந்தக் கையில் கவிழ்ந்தது. என்னைக் கண்டு அவள் நிமிரவில்லை. "கதவச் சாத்து கா" என்றாள். நான் என் பெட்டியை எடுத்து வந்து, கதவை உள்ளுக்குச் சாத்திவிட்டு, பக்கத்தில் இருந்தேன். அன்றிலிருந்து நாங்கள் சாமான் அறையிலேயே சாப்பிட்டோம்.

பணிமனைச் செயலாளர் நல்ல மனிதர். ஆறுதலாகத்தான் சொன்னார். "றஹீமா, நீங்க இனி கஷ்டப்பட வேணாம். மேசையில இருந்து போன் வந்தா எடுங்க. திருத்த வேலைக்கு வேற ஆளப் பார்ப்பம்."

"கொஞ்சம் பொறுங்க சேர்" என்றாள் றஹீமா. அவ்வளவுதான் சொன்னாள். வெளியே வந்து என்னிடம் கேட்டாள்: "கடத்தெருவுக்கு வாறியா?"

ரட்செட் வாங்கத்தான் போகிறாள் என்று வழியில் தெரிந்துகொண்டேன். அறியாதவர்களுக்குச் சொல்கிறேன். சாதாரண ஸ்க்ரூட்ரைவரில் ஒரு தடவை திருகியதும் பிடியை விட்டு, கையைப் பின்னுக்குக் கொண்டுபோய், மறுபடி பிடிக்க வேண்டும். ரட்செட்டில் பிடித்த பிடியை விடத் தேவையில்லை. கையை முன்னும் பின்னும் ஆட்டினால் போதும். முன்னுக்குப் போகையில் ஆணி திரும்பும், பின்னுக்கு வருகையில் பிடி மட்டும் கிர்ரென்ற சத்தத்தோடு சும்மா திரும்பி வரும். முனையில் 'பிட்' என்கிற சின்ன முனைத்துண்டை மாற்றி மாற்றிப் போட்டால் ஆணிக்கும் நட்டுக்கும் அலன் போல்ட்டுக்கும் அது ஒன்றே போதும்.

பிரதான வீதியில் முதல் கடைக்குள் ஏறினோம். றஹீமா தன் கைப்பையிலிருந்து ஒரு குழாய்த் துண்டை எடுத்து மேசைமேல் வைத்தாள். பழைய கதிரையொன்றில் அறுத்து எடுத்தது. அதில் ஒரு போல்ட் இறுக்கமாகப் பூட்டிக் கிடந்தது.

"வீட்டுக்காரருக்கா ராத்தா?" என்று கடைக்காரர் கேட்டார்.

"இல்ல தம்பி. எனக்கு."

அவர் பளபளப்பான ஒரு பெட்டியைக் கொண்டுவந்து திறந்தார். பிட்கள் வரிசை வரிசையாகக் கிடந்தன. எனக்கு அதைக் கண்டதுமே பிடித்துவிட்டது. றஹீமா பெட்டியைப் பார்க்கவேயில்லை. கருவியை மட்டும் எடுத்துக் காதருகே வைத்து ஆட்டினாள். கட்டக், கட்டக் என்று சத்தம் விட்டு விட்டுக் கேட்டது.

"பல்லு பெரிசு" என்றாள் என்னிடம். "கைய மிச்சத் தூரம் பின்னால கொண்டு போனாத்தான் அடுத்த பல்லுல விழும். எனக்கு அவ்வளவு தூரம் இல்ல கா."

இருந்தாலும் போல்ட்டில் வைத்து அழுத்திப் பார்த்தாள். உள்ளே பல் வழுக்கி, பிடி திடீரென்று சுழன்று, அவளுடைய விரல் மூட்டு மேசை விளிம்பில் பட்டது. தோல் உரிந்த விரலை வாயில் வைத்துக்கொண்டு படியிறங்கினாள்.

அடுத்த கடையில் கிடைத்தது நல்ல சாமான். சத்தம் மெல்லிசாக, தொடர்ந்து ஒரே இழையாகக் கேட்டது. முகம் மலர்ந்து போல்ட்டில் வைத்தாள். வைத்தவள் அப்படியே நின்றுவிட்டாள். பிடி நேராக இருந்தது. பிடி நேராக இருந்தால் எவ்வளவு நுண்ணிய பல் என்றாலும் மணிக்கட்டுக் கொஞ்சமாவது திரும்ப வேண்டும். அவளுடையது அந்தக் கொஞ்சமும் திரும்பாது. "இது கை திரும்புறவங்களுக்கு" என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தாள்.

வெயிலில் இறங்கி நின்றோம். அவள் நடுவீதியில் நின்று தன் கையை நீட்டி, மடக்கி, நீட்டிப் பார்த்தாள். போகிறவர்கள் திரும்பிப் பார்த்துக்கொண்டு போனார்கள்.

"மணிக்கட்டுத் திரும்பாட்டி என்ன?" என்றாள். "முழங்கை மடியுதுதானே. புடி பக்கவாட்டில நிக்கிற மாதிரி ஒண்டு கெடச்சா முழங்கையால அடிச்சிரலாம்."

கல்முனைக்குடிப் பக்கம் நடந்து போய், உள்வீதியில் இருந்த ஒரு பழைய கடையில்தான் அது கிடைத்தது. பிடி நடுவில் மடிந்து துப்பாக்கி போல வளைந்து நிற்கும். நிமிர்த்தினால் நேராகும். வளைத்த இடத்தில் அசையாமல் பூட்டிக்கொள்ளும். பிட்கள் பிடியின் வயிற்றுக்குள்ளேயே இருந்தன. கழுத்தில் ஒரு வளையம். அதை ஒரு பக்கம் தள்ளினால் இறுக்கும், மறுபக்கம் தள்ளினால் கழற்றும், நடுவில் விட்டால் ரட்செட் வேலை செய்யாமல் சாதாரண ஸ்க்ரூட்ரைவர் போலக் கட்டையாக நிற்கும். அந்த வளையத்தை அதே கையின் பெருவிரலால் தள்ள முடிகிறதா என்று பலமுறை தள்ளிப் பார்த்தாள். மற்றக் கையை எடுக்க வேண்டி வந்தால் சாமானைப் பிடிப்பது யார்? பிறகு குழாய்த் துண்டை மேசையில் வைத்து, முழங்கையை மடக்கி, தோளால் தள்ளினாள். போல்ட் அசைந்தது. கிர்ர், கிர்ர் என்று முழுவதும் கழன்று வந்தது. மறுபடி பூட்டினாள். மறுபடி கழற்றினாள். மறுபடி பூட்டினாள். கடை முதலாளி சிரிக்கத் தொடங்கினார்.

"ராத்தா, புரி தேயப் போகுது."

"தேயட்டும் காக்கா. இதத் தாங்க."

வீதிக்கு வந்ததும் அவள் வீட்டுக்குப் போக மனமில்லாதவள் போல நின்றாள். "பிளேன்டீ குடிப்பமா?" என்றாள். கை உடைந்த பிறகு நாலு பேர் இருக்கிற இடத்தில் எதையும் குடிக்க அவள் கேட்டது அன்றுதான்.

அவள் திருத்த வேலையைத் தொடரச் செயலாளர் உடனே ஒத்துக்கொள்ளவில்லை. ஒரு வீட்டுக்குப் போய் வாருங்கள், பார்ப்போம் என்றார். அந்த வீடு கோமாரியில் இருந்தது. தங்கராசா அண்ணன் என்று ஒருவர். கரைவலை இழுத்தவர். தென்னையிலிருந்து விழுந்து இடுப்புக்குக் கீழே உணர்வில்லாமல் போனவர். மனைவி முன்பே இல்லை. கலா என்ற மகள்தான் பார்த்துக்கொண்டாள். கதிரையின் முன்சில்லு இறுகிவிட்டது என்று தகவல் வந்திருந்தது. பொத்துவில் பஸ்ஸில் இருவரும் போனோம்.

சில்லு பெரிய வேலையில்லை. கடற்காற்றில் துருவும் முடியும் சுற்றிக் கிடந்தன. துப்புரவாக்கி எண்ணெய் விட்டதும் ஓடியது. பழைய றஹீமா என்றால் நாலு ஏச்சு ஏசிவிட்டு எழும்பியிருப்பாள். அன்று அவள் எழும்பவில்லை.

"அண்ணன், உங்களுக்கு என்ன செய்ய ஏலாமக் கிடக்கு?" என்று கேட்டாள்.

"சில்லு ஓடாமக் கிடந்தது. இப்ப ஓடுதுதானே."

"அது கதிரைக்கு. நான் உங்களக் கேக்கன்."

அவர் மகளைப் பார்த்தார். பிறகு நிலத்தைப் பார்த்தார். றஹீமா கலாவிடம், "மகள், எங்களுக்குக் கொஞ்சம் தேயிலை ஊத்துறியா?" என்றாள். கலா குசினிக்குப் போனாள்.

அவர் குரலைத் தாழ்த்திச் சொன்னார். "குளிக்கிறதுதான் தங்கச்சி. குமர்ப்புள்ள. அவதான் என்னத் தூக்கி இருத்தி, தண்ணி ஊத்தி, எல்லாம். அவ ஒண்டும் சொல்றதில்ல. எனக்குத்தான்…"

நான் அவருடைய தோளையும் புயத்தையும் பார்த்தேன். வலை இழுத்த கைகள் இன்னும் அப்படியே இருந்தன. கிணற்றடியில் இருப்பதற்கு ஒரு வாங்குப் பலகை போட்டால் கதிரையிலிருந்து பக்கவாட்டாகத் தன்னைத் தூக்கி அதில் வைத்துக்கொள்ள அவரால் முடியும். தடையாக இருந்தது கதிரையின் கைப்பிடிதான். அது குழாயோடு போல்ட் போட்டு நிரந்தரமாகப் பூட்டிய வகை. அதைக் கழற்றி, வேண்டியபோது எடுத்து வைக்கிற மாதிரி மாற்ற வேண்டும். போல்ட்கள் உப்புத் துருவில் குழாயோடு குழாயாக ஒட்டிப்போயிருந்தன.

றஹீமா எண்ணெய் விட்டுவிட்டுக் காத்திருந்தாள். நான் அவசரப்பட்டேன், கடைசி பஸ் போய்விடும் என்று. "பெலத்தில திருப்பினா தலை வழுக்கிரும் கா. பொறகு வெட்டித்தான் எடுக்கணும்" என்றாள். சின்னச் சுத்தியலால் ஒவ்வொரு தலையிலும் மெல்லத் தட்டினாள். பிடியை வளைத்துப் பூட்டினாள். முதல் அசைவுக்கு ரட்செட்டைப் பாவிக்கவில்லை. வளையத்தை நடுவில் விட்டுக் கட்டையாக்கி, முழங்கையால் இழுத்தாள். உள்ளே இருக்கிற சின்னப் பல்லுக்கு முரட்டு வேலை கொடுக்கக் கூடாது என்பது அவளுடைய கணக்கு. போல்ட் இளகியது தெரிந்த பிறகுதான் பெருவிரலால் வளையத்தைத் தள்ளினாள். கிர்ர், கிர்ர் என்று அது கழன்றது.

கடைசிப் போல்ட் வரவேயில்லை. அவளுடைய நெற்றியெல்லாம் வியர்த்து, முக்காடு நனைந்துவிட்டது. மணிக்கட்டு வீங்கத் தொடங்கியதைக் கண்டேன்.

"தா, நான் திருப்புறன்" என்றேன்.

அவள் என்னைப் பார்த்தாள். கோபமில்லை. "நீ கதிரையப் புடி கா. ஆடாமப் புடி. அது போதும்."

முழு உடம்பையும் கதிரையில் சாத்திப் பிடித்துக்கொண்டேன். அவள் கண்ணை மூடி இழுத்தாள். படாரென்று ஒரு சத்தம். கருவிதான் உடைந்துவிட்டது என்று நினைத்தேன். உடைந்தது துரு.

பிறகு நடந்ததை நான் எத்தனையோ பேருக்குச் சொல்லியிருக்கிறேன். கைப்பிடியைக் கழற்றிவைக்கும்படி பூட்டி, கிணற்றடியில் வாங்கு போட்டோம். எப்படித் தூக்க வேண்டும், எங்கே கை ஊன்ற வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தேன். தங்கராசா அண்ணன் தன்னைத் தூக்கி வாங்கில் வைத்தார். "நீங்க எல்லாரும் முன்னுக்குப் போங்க" என்றார். முன் முற்றத்துக்கு வந்து நின்றோம். கிணற்றடியில் வாளி மோதுகிற சத்தம் கேட்டது. பிறகு தண்ணீர் விழுகிற சத்தம். மறுபடி தண்ணீர். மறுபடி. நிறுத்தவேயில்லை. கலா தேநீர்த் தட்டை ஏந்திக்கொண்டு வாசலில் நின்றாள்.

"கனக்க ஊத்துறார்" என்றாள். சிரிப்பு மாதிரித் தொடங்கி அழுகையாகிவிட்டது. "தடிமன் பிடிக்கப் போகுது."

"ஊத்தட்டும் மகள்" என்றாள் றஹீமா. தட்டை அவளிடமிருந்து வாங்கிக்கொண்டாள்.

திரும்பி வருகையில் பஸ்ஸில் என் சால்வையைத் தண்ணீரில் நனைத்து அவளுடைய மணிக்கட்டில் சுற்றினேன். "சேரிட்ட செல்லிராத" என்றாள். நான் சொல்லவில்லை. அடுத்த நாள் எங்கள் எல்லோருக்கும் முதல் வந்து பணிமனையில் வேலையைத் தொடங்கியிருந்தாள். தொலைபேசி மணி அடித்தது. அவள் எடுக்கவில்லை. செயலாளர் தன் அறையிலிருந்து எழும்பி வந்து எடுத்தார். அதற்குப் பிறகு அவர் வேறு ஆள் பார்க்கிற கதையை எடுக்கவில்லை.

அதன் பிறகான ஆண்டுகளைத்தான் உங்களில் அதிகம் பேர் அறிவீர்கள். அவள் எந்த வீட்டுக்குப் போனாலும் எது உடைந்தது என்று கேட்பதை விட்டுவிட்டாள். எது செய்ய முடியாமல் இருக்கிறது என்றே கேட்டாள். ஒருவருக்குப் பள்ளிவாசல் படியேறுவது, ஒருவருக்கு அடுப்படியில் கறி தாளிப்பது, ஒரு தாய்க்குப் பிள்ளையை மடியில் வைத்துக்கொள்வது. கதிரையில் ஒரு இடத்தைக் கழற்றி இன்னொரு இடத்தில் பூட்டினால் நடக்கிற காரியங்கள்தான் பெரும்பாலும். முடியாததை முடியாது என்றும் சொல்லிவிடுவாள். நற்பிட்டிமுனையில் ஒருவர், எழும்பி நடக்கக் கதிரையில் ஏதாவது செய்து தர முடியுமா என்று கேட்டார். "அதுக்கு என்னட்ட சாமான் இல்ல தம்பி" என்று சொல்லிவிட்டு, போகிற நேரம் வரை அவருடைய கையைப் பார்த்தபடியே இருந்தாள்.

அந்த ரட்செட்டைப் பற்றிக் கேட்கிறவர்களுக்கு அவள் சொல்வது எப்போதும் ஒன்றுதான்: "ஊரு புகழுற சாமான வாங்காதீங்க. ஒங்கட கையக் கூட்டிக்கொண்டு போய், அதுட்டக் கேட்டு வாங்குங்க." கிறீஸ் போட்டால் பல் ஒட்டிக்கொள்ளும் என்று, துடைத்து ஒரு துளி மெல்லிய எண்ணெய் மட்டும் விடுவாள். மணலில் வைக்கவே மாட்டாள். வேலை நடுவில் கீழே வைக்க வேண்டி வந்தால் என் மடியில் வைப்பாள்.

வயிற்றில் நோவு என்று அவள் முதலில் சொன்னபோது நாங்கள் அக்கரைப்பற்றில் பஸ்ஸுக்காக நின்றோம். ஏதோ உணவு ஒத்துக்கொள்ளவில்லை என்றாள். சில கிழமைகளில் ஆள் பாதியாகிவிட்டாள். பரிசோதனை முடிவு வந்த அன்று பணிமனைக்கு வழமைபோல வந்து, ஒரு கதிரையைத் திருத்தி முடித்துவிட்டுத்தான் என்னைச் சாமான் அறைக்குக் கூப்பிட்டாள். புற்றுநோய். ஈரலுக்கும் போய்விட்டது.

"றிப்காட்டச் செல்ல வேணாம்" என்றாள். "புள்ள அங்க தனிய இரிந்து அழுவா."

"நீ சொல்லாட்டி நான் சொல்லுவன்" என்றேன். எங்கள் வாழ்நாளில் நாங்கள் உரத்துச் சண்டை பிடித்தது அன்றுதான். கடைசியில் அவளே போனை எடுத்து மகளிடம் சொன்னாள். நான் வெளியே நின்றேன். கதவுக்கு அப்பால் அவளுடைய குரல் மட்டும் கேட்டது: "அழாத மளே. அழாத. உம்மாக்கு நோவு இல்ல."

றிப்கா விடுமுறை எடுத்து வந்தாள். அவள் கூட இருந்த அந்த நாட்களில் றஹீமா தேறிவிட்டாள் போலவே இருந்தது. மகளுக்குப் பிடித்த மாசிச் சம்பலை நிலத்தில் இருந்தபடி இடித்துக் கொடுத்தாள். விடுமுறை முடிந்தது. நீட்டித் தர மாட்டோம் என்று வேலை கொடுத்தவர்கள் சொல்லிவிட்டார்கள். றிப்கா போன பிறகு, கட்டிலை விட்டு எழும்புவதற்கு றஹீமாவிடம் ஒரு காரணமும் மிஞ்சவில்லை என்று எனக்குத் தோன்றியது. நான் போகிற நாட்களில் தலையணையில் சாத்தி இருத்துவேன். இன்று யார் வீட்டுக்குப் போனாய், என்ன கேட்டார்கள் என்று விசாரிப்பாள். நான் சொல்லிக்கொண்டிருக்கும்போதே உறங்கிவிடுவாள்.

சந்தையிலிருந்து நேரே அவள் வீட்டுக்குப் போனேன். குளிப்பாட்டிக் கபன் துணி சுற்றி வைத்திருந்தார்கள். முகம் மட்டும் தெரிந்தது. சாம்பிராணி வாசம். அவளுடைய மச்சி என் கையில் ஒரு போனைத் தந்தாள். "றிப்கா. உங்களத்தான் கேக்கா." திரையில் அந்தப் பிள்ளையின் முகம் அழுது வீங்கியிருந்தது. அவளுக்கு விமானம் அடுத்த நாள்தான். அதுவரை ஜனாஸாவை அடக்காமல் வைத்திருக்க முடியாது.

"மாமி, கிட்டக் காட்டுங்க. இன்னும் கிட்ட."

நான் குனிந்து போனை றஹீமாவின் முகத்துக்கு நேரே பிடித்தேன். இன்னொரு கையையும் கொடுத்துத் தாங்கிக்கொண்டேன். "உம்மா" என்றாள். "உம்மா, நான் வாறன்" என்றாள். பிறகு குர்ஆனிலிருந்து யாசீன் ஓதத் தொடங்கினாள். அறையில் இருந்த பெண்கள் ஒவ்வொருவராக அந்தக் குரலோடு சேர்ந்துகொண்டார்கள். எனக்கு ஓதத் தெரியாது. போனை ஆடாமல் பிடித்துக்கொண்டிருந்தேன்.

ஆண்கள் சந்தூக்குப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அடக்கம் செய்கிற மையவாடிக்குப் பெண்கள் போவதில்லை. வாசலில் நின்று தெருமுனை வரைக்கும் பார்த்தோம். திரையில் இன்னும் இருந்த றிப்கா, "மாமி, உம்மாட அந்தக் கிர்கிர் சாமான ஆருக்கும் குடுத்திராதீங்க. அது எனக்கு வேணும்" என்றாள். இப்போது அது அவளிடம் இருக்கிறது. அவளிடம்தான் இருக்க வேண்டும்.

என்னிடம் இருப்பது வேறொன்று. அதை இங்கே இதுவரை நான் சொல்லவில்லை. எந்தக் கதிரையைத் திருத்தினாலும் உரியவரிடம் கொடுக்க முன் றஹீமா அதில் தானே ஏறி இருப்பாள். முற்றத்தைச் சுற்றுவாள். வாசற்படி வரை போவாள். கோமாரியிலும் அப்படித்தான். சில்லு ஓடுகிறதா என்று பார்க்கத்தான் என்று பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். நானும் அப்படித்தான் ஒரு தடவை சொன்னேன். அவள் சிரித்தாள். "இதுல இரிந்து பாரு கா. எல்லாரும் மேல இரிந்துதான் கதைக்காங்க" என்றாள்.

போன கிழமை மருதமுனையில் ஒரு நெசவுக்காரரின் வீட்டுக்குப் போனேன். புதிதாக வந்த தொழில்நுட்பவியலாளர் கதிரையின் பின்சில்லை மாற்றிக் கொடுத்தார். நான் அதில் ஏறி இருந்தேன். முற்றத்தை ஒரு சுற்றுச் சுற்றி, வேலியோரம் வந்து நின்றேன். வீட்டுக்காரரின் மனைவி ஓடி வந்து என் முன்னால் நின்று, மேலிருந்து குனிந்து கேட்டாள்.

"என்ன மிஸ், களைச்சிட்டீங்களா?"

"ஓம்" என்றேன். "கொஞ்சம் இருக்கிறன்."

அவள் முருங்கை நிழலுக்குக் கதிரையைத் தள்ளிக்கொண்டுபோய் விட்டாள்.